நாக்குத்தழை

இந்தக் கதையில் என்னுடைய சொல் என்று ஒன்றுகூட இல்லை. எல்லாம் ஊரார் கொடுத்தது. கோயில் திருப்பணிக்கு ஆளுக்கொரு செங்கல் எடுத்து வைப்பதுபோல ஆளுக்கொரு சொல் வைத்து என் வாயைக் கட்டி எழுப்பினார்கள். நடையில் எங்காவது ஒட்டுப்போட்ட தடம் தெரிந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். குறை கொடுத்தவர்கள்மேல் இல்லை, வாங்கினவன்மேல்தான்.

என் பெயர் சென்னிமலை. ஊர்ப் பெயரும் சென்னிமலைதான். மலைமேல் முருகன் இருக்கிறார், கீழே பிறந்த பையனுக்கு எங்கள் அப்பா ரொம்ப யோசிக்காமல் அதையே வைத்துவிட்டார். இதனால் கஷ்டப்பட்டவள் என் மனைவி துளசிமணி. புருஷன் பெயரை வாயால் சொல்லக் கூடாது என்று வளர்ந்தவள் அவள். காங்கேயத்திலிருந்து என்னைக் கட்டிக்கொண்டு வந்தால், வந்து இறங்கிய ஊருக்கும் அதே பெயர். புருஷனைக் கூப்பிட 'ஏனுங்க' போதும், ஊரை என்ன சொல்வாள்? பஸ் ஏறினால் கண்டக்டரிடம், "மலைக்கு ஒண்ணு குடுங்க" என்பாள்.

"எந்த மலைங்க?"

"நம்ம முருகன் மலைங்க."

"பழனிக்கு இந்த பஸ் போவாதுங்களே."

நான் கடைசி சீட்டில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருப்பேன். வீட்டுக்கு வந்து திட்டு வாங்குவேன். போகப்போக அந்தத் தடத்துக் கண்டக்டர்கள் எல்லோருக்கும் பழகிவிட்டது. மலைக்கு என்றால் சென்னிமலை என்று அவர்களே கிழித்துக் கொடுத்துவிடுவார்கள்.

தொழில் சவுண்ட் சர்வீஸ். கல்யாணம், காதுகுத்து, கோயில் நோன்பி எதுவானாலும் நம்ம மைக் செட்டுதான். ஆனால் என்னைச் சுற்றுவட்டாரத்துக்குத் தெரிந்தது கபடி வர்ணனையால். "போறாரு போறாரு, போனஸ் கோட்டைத் தொட்டுட்டாரு, விடாதே விடாதே" என்று நான் ஆரம்பித்தால், ஆடத் தெரியாதவன்கூட எழுந்து நின்று தொடையைத் தட்டுவான். வாயை வைத்துப் பிழைத்தவன். வாய் கொஞ்சம் கூடுதல்தான் என்று துளசிமணி சொல்வாள்.

பக்கவாதம் வந்ததும் கபடி மேட்ச் நடுவில்தான். வர்ணனை பாதியில் நின்றுவிட்டது. மைக் அவுட் என்று நினைத்து வயரை மாற்றினார்கள், ஆம்ப்ளிஃபயரைத் தட்டினார்கள். நான் நாற்காலியில் சாய்ந்து கிடந்ததை அதற்கப்புறம்தான் பார்த்தார்கள்.

கை, கால் திரும்பி வந்தது. பேச்சு வரவில்லை. எதிரில் இருப்பவர்கள் சொல்வது எல்லாம் புரியும். என்ன பதில் சொல்ல வேண்டும் என்றும் தெரியும். வாயைத் திறந்தால் "பா, பா" என்று மட்டும் வரும். தண்ணீர் வேண்டுமென்றாலும் பா, வேண்டாமென்றாலும் பா. ஒரு நாள் கோபத்தில் டம்ளரை எறிந்தேன். துளசிமணி அதை எடுத்துக் கழுவி மறுபடியும் என் முன்னால் வைத்தாள்.

அவள்தான் எங்கோ விசாரித்து பெருந்துறைக்கு அப்பால் இருந்த அந்த ஆய்வுப் பண்ணைக்கு என்னைக் கூட்டிப்போனாள். அங்கே இருந்தவர் டாக்டர் ஜெபராணி, நாகர்கோவில்காரர். பச்சை வலை போட்ட கொட்டகைக்குள் கம்பிப் பந்தலில் ஒரு கொடி படர்ந்திருந்தது. தொட்டாச்சிணுங்கி இலை மாதிரி இருக்கும், ஆனால் தொட்டால் மூடாது. பேசினால் மூடும். காகிதத்தில் அதற்கு நீளமாக ஏதோ பெயர். பண்ணையில் வேலை பார்க்கிறவர்கள் நாக்குத்தழை என்றுதான் சொன்னார்கள்.

"சார், உங்க சொல்லு ஒண்ணும் அழிஞ்சு போகல்ல" என்றார் டாக்டர். "அதுக்குப் போற வழிதான் அழிஞ்சு போச்சு. மனுஷன் ஒரு சொல்லச் சொல்லிச் சொல்லி மண்டைக்குள்ள ஒரு ஒத்தையடிப் பாதை போட்டு வச்சிருக்கான், கேட்டீங்களா. இந்த இலைக்குள்ள ஒரு புரதம் இருக்கு. ஒருத்தர் கொடியில இருக்குற இலைய உதட்டுல வச்சு ஒரு சொல்ல விடாம சொன்னா, அந்தப் பாதை இலைக்குள்ள ஏறிரும். இலை மூடிக்கும். அதப் பறிச்சு உங்க நாக்குல வச்சா பாதை உங்களுக்கு."

துளசிமணி உடனே கேட்டாள்: "அப்ப குடுத்தவங்களுக்குங்க?"

டாக்டர் சற்று நேரம் அவளையே பார்த்தார். இதை எல்லோரும் கேட்பதில்லை போலிருக்கிறது.

"நாத்து பிடுங்கி நடுறது பாத்திருப்பீங்கல்லா? பிடுங்கினப்புறம் நாத்தங்கால்ல அது இருக்காது. கேட்டா புரியும், எழுதியிருந்தா வாசிக்கலாம். நாக்குல மட்டும் வராது. எப்பவும்."

"வேற ஆளுககிட்ட வெலைக்கு வாங்க முடியாதுங்களா?" இதைக் கேட்டவர் எங்களோடு கார் ஓட்டி வந்த என் மச்சான்.

"முடியாது. இவருகிட்ட அந்தச் சொல்லப் பேசிப் பழகினவங்க குடுத்தாதான் ஒட்டும். அது ஒரு விதத்துல நல்லதாப் போச்சு. காசுள்ளவங்க லாரி லாரியா ஆளக் கொண்டு இறக்கியிருப்பாங்க." பிறகு டாக்டர் குரலைத் தாழ்த்தினார். "ஆனா வீட்டுக்குள்ளயே அநியாயம் நடக்கும். போன வருஷம் ஒரு குடும்பம் வந்தாங்க. மாமியாருக்குப் பேச்சு வரணும்னு எல்லா இலைக்கும் மருமகளையே கொண்டு உக்கார வச்சாங்க. அந்தப் பொண்ணு ஒரு தடவகூட எதிர்த்துப் பேசல்ல. நான் ரொம்ப நல்ல பொண்ணுன்னு நெனச்சிட்டேன். பிந்திதான் தெரிஞ்சுது, 'மாட்டேன்'ங்குற சொல்லத்தான் அவகிட்ட முதல்ல வாங்கியிருக்காங்க."

அந்தக் குடும்பம் வந்துபோனதிலிருந்துதான் அங்கே ஒரு விதி. கொடுப்பவர் தனியாகத்தான் உள்ளே போக வேண்டும். என்ன சொல் என்பது அவர் விருப்பம். யார் கொடுத்தது என்று வாங்குபவருக்குச் சொல்ல மாட்டார்கள், கேட்கவும் கூடாது.

இன்னொன்றும் சொன்னார். ஒரு ஆளுக்கு ஒரு கொடி. அது பூக்கும்வரைதான் இலைக்குச் சக்தி. பூத்துவிட்டால் அப்புறம் வெறும் தழை, ஆடு தின்னலாம். அதற்குள் முதல் சொல் பிடித்துவிட வேண்டும். ஒன்று பிடித்தால் மற்றது எல்லாம் அதைப் பிடித்துக்கொண்டு வந்துவிடும். அதன்பின் பூக்கிற பருவத்தையும் தள்ளிப்போடலாம். ஒன்றும் பிடிக்காவிட்டால் ஒன்றும் இல்லை.

முதலில் ஒன்றும் பிடிக்கவில்லை. நண்பர்கள் வந்தார்கள், மச்சான் வந்தார், கபடிக் குழுவே வேன் பிடித்து வந்தது. யார் யாரோ உள்ளே போய் எதையெதையோ சொல்லிவிட்டு வந்தார்கள். இலை மூடும். பண்ணையாள் பொங்கியண்ணன் அதைப் பறித்து எவர்சில்வர் தட்டில் வைத்துக் கொண்டுவருவான். நாக்கில் வைத்தால் பச்சைக் கசப்பு. அவ்வளவுதான். மறுநாள் கொடுத்தவரின் சொல் தானாகவே அவரிடம் திரும்பிவிடும், என்னிடம் ஒட்டாததால். நான் "பா" என்பேன். எல்லோரும் தலையைக் குனிந்துகொள்வார்கள்.

ஒரு நாள் காலையில் பொங்கியண்ணன் வந்து டாக்டரிடம், "அம்மா, மொட்டு வெச்சிருச்சுங்க" என்றான். நான் பக்கத்தில்தான் இருந்தேன். பேச்சு இல்லாதவனுக்குக் காதும் இல்லை என்று நிறைய பேர் நினைத்துக்கொள்கிறார்கள். அன்று முழுவதும் நான் சாப்பிடவில்லை. இனி ஆயுசுக்கும் பா தானா என்று நினைத்தபோது அழுகை வந்தது. அதுவும் பா, பா என்றுதான் வந்தது.

அடுத்த நாள் தட்டில் ஒரே ஒரு இலை வந்தது. டாக்டர் தன் கையாலேயே எடுத்து என் நாக்கில் வைத்தார். கசப்பு இல்லை. புளியந்தளிரை மென்றால் வருமே, அந்தப் புளிப்பு. தொண்டை வரைக்கும் இறங்கியது. எதிரில் தட்டோடு நின்ற பொங்கியண்ணனைப் பார்த்து வாயைத் திறந்தேன்.

"ஏனுங்க" என்றேன்.

கடைசியில் சற்று இழுத்து, மேலே தூக்கி. கொட்டகையே சிரித்தது, பொங்கியண்ணன் தட்டைக் கீழே போட்டுவிட்டான், டாக்டர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நான் மறுபடியும் சொன்னேன். "ஏனுங்க, ஏனுங்க, ஏனுங்க!" துளசிமணி சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே போய்விட்டாள். சந்தோஷத்தில் அழப் போகிறாள் என்று நினைத்தேன்.

யார் கொடுத்தது என்று எனக்குச் சந்தேகமே இல்லை. பொங்கியண்ணன்தான். எங்கள் பக்கத்தில் ஏனுங்க சொல்லாத ஆள் கிடையாது, அவனோ மூச்சுக்கு மூச்சு அதைத்தான் சொல்வான். பிறகு ஒரு நாள் அவனுக்கு ஒரு பெட்டி இனிப்பு வாங்கிக்கொண்டுபோய்க் கொடுத்தேன். "ஏனுங்க இதெல்லாம்?" என்று கூச்சப்பட்டுக்கொண்டே வாங்கிக்கொண்டான்.

அதன்பின் சொற்கள் வந்தன, மழைக்காலத்து ஈசல் மாதிரி வந்தன. டாக்டரின் விதி ஊருக்குள் ஒரு நாள்கூட நிற்கவில்லை. எங்கள் ஊரில் உபகாரம் செய்துவிட்டுச் சொல்லாமல் இருக்க யாருக்கு முடியும்? டீக்கடை கருமண்ணன் வீட்டுக்கே வந்து, நான் 'சோறு' என்றதும், "அது என்னுதுங்க, பாத்து செலவு பண்ணுங்க" என்றார். அவர் இப்போது சாப்பாடு என்கிறார். கபடி கேப்டன் பிரதீப்ராஜ் 'விடாதே'யைக் கொடுத்துவிட்டான். அடுத்த போட்டியில் எதிராளியின் காலைப் பிடித்துக்கொண்டு கத்த வாய் வராமல் முழித்தானாம், கால் நழுவிப்போய்விட்டதாம். ஆட்டமும் போனது. அதைச் சொல்லிச் சிரித்தான். எனக்குத்தான் சிரிப்பு வரவில்லை.

மகள் நவீனா ஓசூரில் வேலை பார்க்கிறாள். அவள் 'அப்பா'வையே கொடுக்கக் கிளம்பினாளாம். டாக்டர் திட்டியிருக்கிறார். கடைசியில் 'மழை' கொடுத்தாள். ஓசூருக்கு ரெயின் போதுமாம். டாக்டர் ஜெபராணியே ஒன்று கொடுத்தார். தினமும் என்னைத் தண்ணீர் குடிக்கச் சொல்லிச் சொல்லிப் பழகியவர் அல்லவா? ஆனால் அவர் ஊர்ப்பக்கம் குடிக்கிற தண்ணீருக்கு வெள்ளம் என்பார்கள். வீட்டுக்கு வந்த முதல் நாள் நான் தாகத்தில், "துளசி, வெள்ளம்!" என்று கத்த, அவள் பாயைச் சுருட்டி மேலே போட்டுவிட்டு வாசலுக்கு ஓடினாள்.

இந்தத் தழையில் ஒரு விசேஷம், சொல் தனியாக வராது. கொடுத்தவரின் ராகமும் கூடவே வரும். நான் 'சோறு' என்றால் கருமண்ணன் சொல்வது மாதிரி இருக்கும், 'மழை' என்றால் ஆறு வயது நவீனா ஜன்னலில் நின்று கத்துவது மாதிரி. ஒரு நாளில் எத்தனை பேர் என் வாயில் வந்து போகிறார்கள்! தனியாக உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தாலும் எனக்குத் துணை உண்டு. இப்படி ஒரு கொடுப்பினை எந்த ராஜாவுக்கும் இருந்திருக்காது.

பெரிய மனசு நாச்சிமுத்துவுடையது. மேடையில் அவர் எனக்குப் போட்டி. எந்தக் கூட்டமானாலும் கடைசியில் நன்றியுரை அவர்தான், பெயரே நன்றியுரை நாச்சிமுத்து. அவர் 'நன்றி'யையே எனக்குக் கொடுத்துவிட்டார். இன்றைக்கு அவர் கூட்டத்தை முடிக்கும்போது, "ரொம்பச் சந்தோசமுங்க, போயிட்டு வாங்க" என்கிறார். அதைக் கேட்கும்போதெல்லாம் நான் எழுந்து நின்று கும்பிடுகிறேன். என் பிழைப்புக்கு அவர் தன் பிழைப்பைக் கிள்ளிக் கொடுத்தார். அதற்கு என்ன செய்தாலும் ஈடாகாது.

இவ்வளவு பேர் கொடுத்தார்கள். துளசிமணி மட்டும் ஒன்றும் கொடுக்கவில்லை.

அதாவது, கொடுத்ததாக அவள் சொல்லவில்லை. ஊரில் எல்லோரும் வந்து இது என்னுடையது, அது என்னுடையது என்று சொல்லும்போது அவள் காபி கொண்டுவந்து வைத்துவிட்டுப் போய்விடுவாள். நான் பேசுகிற ஒவ்வொரு சொல்லிலும் அவள் ராகத்தைத் தேடினேன். 'உப்பு' மச்சானுடையது. 'தூக்கம்' எதிர்வீட்டுக்காரருடையது. அவளுடையது எதுவும் எனக்குத் தட்டுப்படவில்லை.

அதைவிடப் பெரிய குறை, அவள் என்னைக் கூப்பிடுவதையே நிறுத்திவிட்டாள்.

முன்பெல்லாம் சமையலறையிலிருந்து, மொட்டை மாடியிலிருந்து, நாலு வீடு தள்ளி நின்றுகூடக் கூப்பிடுவாள். இப்போது சாப்பாடு ஆனால் எதிரில் வந்து நிற்பாள், நான் நிமிர்ந்து பார்க்கும்வரை நிற்பாள். தூரத்தில் இருந்தால் கையைத் தட்டுவாள். கதவில் கரண்டியால் தட்டுவாள். பக்கத்தில் வந்துவிட்டால் பேச்சுக்குக் குறைவில்லை. "வாங்க, சாப்புடுங்க, மாத்திரை போட்டீங்களா" எல்லாம் உண்டு. எண்ணெய் காய்ச்சித் தேய்த்து விடுவாள். ஆனால் கூப்பிட மட்டும் மாட்டாள். படுக்கையில் கிடந்த காலத்தில் அலுத்துப்போயிருக்கும், பணிவிடை செய்கிறாள், மனசு விட்டுப்போய்விட்டது என்று நினைத்தேன். வாய் வந்தும் வீட்டுக்குள் அதைக் கேட்க வாய் வரவில்லை.

ஒரு நாள் எப்படியாவது அவள் மனதைக் குளிர்விக்க வேண்டும் என்று, அவள் காபி கொடுத்தபோது, "நன்றி" என்றேன். வந்தது நாச்சிமுத்துவின் நன்றி. நெஞ்சை நிமிர்த்தி, கணீரென்று, கூட்டம் கலையலாம் என்கிற தோரணையில் வந்தது. அவள் ஒரு நிமிடம் திகைத்துவிட்டு டம்ளரை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். வேறு என்ன செய்வாள்?

விஷயம் வெளிவந்தது ஒரு கேஸ் சிலிண்டரால்.

துளசிமணி மளிகைக் கடைக்குப் போயிருந்தாள். நான் வாசலில் நின்று நவீனாவோடு போனில் பேசிக்கொண்டிருந்தேன். தெருவில் சிலிண்டர் வண்டி எங்கள் வீட்டைத் தாண்டிப் போனது. "ஏனுங்க! ஏனுங்க!" என்று கூப்பிட்டேன்.

போனில் நவீனா, "அம்மா வந்துட்டாங்களா? குடுங்கப்பா" என்றாள்.

"அம்மா கடைக்குப் போயிருக்கறா கண்ணு."

"இப்பக் கூப்புட்டாங்களே."

"அது நான். கேஸ்காரரக் கூப்புட்டேன்."

"வெளையாடாதீங்கப்பா. அந்த 'ங்க'வ இழுத்து மேல தூக்கறது அம்மாதான். சோறு ஆறிப்போச்சுன்னா உங்கள அப்படித்தான கூப்புடுவாங்க?" பிறகு அவளே சொன்னாள்: "ரொம்ப நாளாச்சுப்பா, அம்மா அப்படிக் கூப்பிட்டு நான் கேட்டு."

சிலிண்டர் வண்டி போய்விட்டது. நான் வாசற்படியில் உட்கார்ந்துவிட்டேன். மகளை யாரும் ஏனுங்க என்று கூப்பிடுவதில்லை. அதனால் இத்தனை நாளும் அவள் என் வாயிலிருந்து அதைக் கேட்டதில்லை. நானோ அந்தச் சொல்லை இத்தனை வருஷம் காதால் வாங்கினவன், என் வாயிலிருந்து வந்தபோது அடையாளம் தெரியாமல் போய்விட்டது. பொங்கியண்ணன் கொடுத்ததாம்! கொடுத்தவனுக்கு நாக்கில் வராது என்பது விதி. "ஏனுங்க இதெல்லாம்?" என்று என் முகத்துக்கு நேராகக் கேட்டுவிட்டுத்தானே இனிப்பை வாங்கினான்? என்னை மாதிரி ஒரு மடையன் ஏழு ஊரில் கிடைக்க மாட்டான்.

துளசிமணி பையோடு வந்தாள். அரசாணிக்காயை எடுத்து வைத்து அரிய ஆரம்பித்தாள். நான் எதிரில் போய் உட்கார்ந்தேன்.

"மொத எல உன்னுதா?"

கத்தி நின்றது. "டாக்டரம்மா சொல்லிப்போட்டாங்களா?"

"இல்ல. நம்ம புள்ள சொன்னா, அவளுக்கே தெரியாம."

அவள் மறுபடியும் அரிய ஆரம்பித்தாள்.

"வேற சொல்லே கெடைக்கலயா உனக்கு? அதயா குடுப்பாங்க?"

"மொட்டு வெச்சிருச்சுல்லங்க. டாக்டரம்மா என்னத் தனியா கூப்புட்டுச் சொன்னாங்க. இவருகிட்ட இத்தன வருசத்துல யாரு எந்தச் சொல்ல ரொம்ப எச்சா சொல்லியிருக்கறாங்களோ அதுதான் பிடிக்கும்னாங்க. நான் வேற எதைங்க உங்ககிட்ட அத்தன தரம் சொல்லியிருக்கறேன்? காத்தால எந்திரிச்சா அதுதான், படுக்கற வரைக்கும் அதுதான்."

"ஏனுங்க போனா என்னங்கன்னு கூப்புடலாம்ல? இந்தாங்கன்னு கூப்புடலாம்ல?"

"எல்லாம் ஒரே தூருலதான் இருந்துதாட்ட இருக்குது. மொத்தமா வந்திருச்சு. கடக்காரர அண்ணான்னு கூப்புட்டுச் சமாளிக்கறேன். உங்களக் கூப்புட முடியுமுங்களா அப்படி?"

எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. அவளும் சிரித்தாள். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தாள்.

"ஏன் துளசி எங்கிட்டச் சொல்லல?"

"சொன்னா திருப்பிக் குடுக்கறேன்னு கெளம்பீருவீங்க. உங்களத் தெரியாதா எனக்கு?"

அவளுக்கு என்னைத் தெரியும். மறுநாளே கிளம்பிவிட்டேன். வேண்டாம் வேண்டாம் என்று சொல்லிக்கொண்டே அவளும் கூட வந்தாள், நான் அங்கே போய் ஏதாவது அசட்டுத்தனம் செய்துவிடக் கூடாதே என்று.

டாக்டர் ஜெபராணி நான் சொன்னதை முழுவதும் கேட்டார். "திருப்பிக் குடுக்கலாம் சார். இலையில நீங்க சொன்னா ஏறும், அவங்களுக்கு ஒட்டவும் செய்யும். ஆனா அது உங்களுக்கு ஆணிவேரு. அத உருவினா மத்தது எல்லாம் அதோடயே வந்துரும். அத்தன பேரு குடுத்ததும் போயிரும். போன சொல்லு அவங்களுக்கும் திரும்பாது."

"பரவால்லீங்க" என்றேன். நிஜமாகவே சொன்னேன்.

"என்ன பரவால்ல?" துளசிமணி எழுந்துவிட்டாள். அவள் கோபப்பட்டு நான் அதிகம் பார்த்ததில்லை. "கருமண்ணன் சோத்தத் தூக்கி வீசுவீங்களா? பிரதீப்பு தோத்துட்டு வந்து சிரிச்சானே, அத வீசுவீங்களா? டாக்டரம்மா, இவரு பேச்சக் கேக்காதீங்க. குடுத்தது நான். நான் மாட்டேங்கறேன்."

டாக்டர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். "அந்தச் சொல்லு உங்ககிட்ட இருக்குறது சந்தோஷம் அம்மா" என்றார். எந்தச் சொல் என்று, அந்த மருமகளின் ஞாபகம் வந்தபிறகுதான் எனக்குப் புரிந்தது.

வெளியே வந்து குடையும் கையுமாகப் புங்கமர நிழலில் பஸ்ஸுக்காக நின்றோம். நான் மெதுவாக ஆரம்பித்தேன்.

"எனக்கு ஒரு பேரு இருக்குதல்ல. அதச் சொல்லிக் கூப்புடு."

"அய்யோ!" என்று வாயைப் பொத்தினாள். "ஆயுசு கொறையும்."

"கொறைஞ்சா கொறையட்டும். நீ குடுத்ததுல இருந்துதான கொறையும்?"

அவள் திரும்பிக்கொண்டாள். தூரத்தில் வருகிற பஸ்ஸைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

பஸ்ஸில் நல்ல கூட்டம். அவள் முன்பக்கம் ஏறினாள், நான் பின்பக்கம். நடுவில் கறிவேப்பிலை மூட்டை, கல்லூரிப் பிள்ளைகள், ஒரு சைக்கிள் டயர் எல்லாம். கண்டக்டர் புதுப் பையன், இந்தத் தடத்துக்கு அன்றுதான் வந்தவன் போலிருந்தது. முன்பக்கத்திலிருந்து ஆரம்பித்தான்.

"எங்கம்மா?"

"மலைக்குங்க" என்றாள் துளசிமணி.

"எந்த மலை? பேரச் சொல்லுங்கம்மா."

வழக்கமாக நான் சிரிக்கிற இடம் அது. அன்று சிரிப்பு வரவில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தேன். கூட்டத்தில் அவள் கொண்டை மட்டும் தெரிந்தது. கண்டக்டர் விசிலை வாயில் வைத்துக்கொண்டு காத்திருந்தான்.

"சென்னிமலை" என்றாள்.

பஸ்ஸில் யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. ஏன் பார்க்க வேண்டும்? அது ஒரு ஊரின் பெயர், பஸ் நெற்றியிலேயே எழுதியிருக்கிறது. கல்லூரிப் பிள்ளைகள் பேசிக்கொண்டிருந்தார்கள், டிரைவர் கியர் மாற்றினார். எனக்கு மட்டும் உடம்பெல்லாம் சிலிர்த்தது. இத்தனை வருஷம் ஒலிபெருக்கியில், கல்யாணப் பத்திரிகையில், ஆஸ்பத்திரிச் சீட்டில் கேட்டும் பார்த்தும் பழகிய பெயர்தான். அது இவ்வளவு நல்ல பெயர் என்று எனக்குத் தெரியாது.

"ஏனுங்க!" என்றேன்.

கடைசியில் இழுத்து, மேலே தூக்கி, அவள் ராகத்திலேயே வந்தது. முன்னால் இருந்த பெண்கள் திரும்பிப் பார்த்தார்கள். கண்டக்டர் பின்பக்கம் எட்டிப் பார்த்தான்.

"யாரும்மா அங்க பொம்பள கொரல்ல கூப்புடறது?"

"எங்க வீட்டுக்காரருங்க" என்றாள் துளசிமணி. "அவருக்கும் சேத்து ரெண்டாக் குடுங்க."

ஊர் வந்தது. கூட்டம் இறங்க ஆரம்பித்தது. நான் பின்படியில் ஒரு காலை வைத்திருந்தேன். முன்பக்கத்திலிருந்து, சைக்கிள் டயரையும் மூட்டையையும் கல்லூரிப் பிள்ளைகளையும் தாண்டி அவள் குரல் வந்தது. இந்த முறை கண்டக்டருக்கு இல்லை.

"சென்னிமலை, கொடைய மறந்துறாதீங்க."

குடை நான் பிடித்து நின்ற கம்பியிலேயே தொங்கிக்கொண்டிருந்தது. திரும்பிப் போய் எடுத்துக்கொண்டு இறங்கினேன்.